ஷீ மேடுகளின் வழியே: அயர்லாந்தில் ஆறு நாள்கள்

முதல் நாள்: மே 11, டப்ளின்

விமான நிலையத்துக் கடையில் தொடங்கி லிஃபி ஆற்றுப் பாலங்களை ஒட்டிய நினைவுப்பொருள் கடைகள் வரை, லெப்ரகான் என்னும் அந்தக் குள்ளனைப் பார்க்காமல் பத்தடி நடக்க முடியவில்லை. பச்சைக் கோட்டு, பச்சைத் தொப்பி, செந்நிறத் தாடி, மடியில் பொற்காசுப் பானை. சாவிக்கொத்திலும் தேநீர்க் கோப்பையிலும் குழந்தைகளின் காலுறையிலும் அவன் ஒரே மாதிரி சிரிக்கிறான். இந்தப் பொம்மைக்கு முன்னால் இருந்தவன் யார், அவனோடு சேர்த்துப் பேசப்படும் மற்றவர்கள் யார் என்று தெரிந்துகொள்ளத்தான் ஆறு நாள்களை ஒதுக்கிக்கொண்டு வந்திருக்கிறேன்.

மதியம் ஜெர்விஸ் தெருவில் உள்ள தேசிய லெப்ரகான் அருங்காட்சியகத்துக்குப் போனேன். 2010ஆம் ஆண்டு திறக்கப்பட்டது. பெயரில் 'தேசிய' என்று இருப்பதால் அரசு நிறுவனம் என்று எண்ணிவிட வேண்டாம். தனியார் நடத்தும் கதைக்கூடம் அது. பழம்பொருள்களை எதிர்பார்த்துப் போகிறவர் ஏமாறுவார். ஆள் உயரத்துக்கு மேல் நிற்கும் நாற்காலியும் மேசையும் கொண்ட ஓர் அறையில் நம்மைக் குள்ளராக்கி நிறுத்திவிட்டுக் கதை சொல்கிறார்கள். நாங்கள் ஒன்பது பேர் இருந்தோம். கதை சொன்ன இளைஞர் கையை ஆட்டாமல், குரலை உயர்த்தாமல், பக்கத்து வீட்டில் நேற்று நடந்ததைச் சொல்வதுபோலச் சொன்னார். அந்த அடக்கம் எனக்குப் பிடித்திருந்தது.

அவர் சொன்ன கதை 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே அச்சேறியது. அறுவடைக் காலத்தில் வேலியோரம் சுத்தியல் தட்டும் ஓசை கேட்டு எட்டிப் பார்த்த ஓர் இளைஞன், செருப்புத் தைத்துக்கொண்டிருந்த லெப்ரகானைப் பிடித்துவிடுகிறான். பிடித்தவன் பார்வையை அவன்மேலிருந்து எடுக்கக் கூடாது. எடுத்தால் அவன் மறைந்துவிடுவான். இளைஞன் கண்ணை எடுக்காமல் மிரட்டிப் புதையல் இருக்கும் இடத்தைக் காட்டச் சொல்கிறான். பெரிய வயல் ஒன்றில் மஞ்சள் பூப் பூக்கும் ராக்வோர்ட் களைச்செடிகள் ஆயிரக்கணக்கில் நிற்க, அவற்றில் ஒன்றன் அடியில்தான் பொன் என்று சுட்டிக்காட்டுகிறான் லெப்ரகான். கையில் மண்வெட்டி இல்லை. இளைஞன் தன் காலுறையைக் கட்டியிருந்த சிவப்பு நாடாவை அவிழ்த்து அந்தச் செடியில் கட்டி, அதைத் தொடுவதில்லை என்று சத்தியமும் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு ஓடுகிறான். மண்வெட்டியோடு திரும்பி வந்து பார்த்தால், வயலில் இருந்த ஒவ்வொரு செடியிலும் ஒரு சிவப்பு நாடா. சத்தியம் மீறப்படவில்லை என்பதுதான் கதையின் நயம்.

பழைய வருணனைகளில் இவன் அணிவது பெரும்பாலும் சிவப்புக் கோட்டு. 1888இல் ஐரிஷ் நாட்டார் கதைகளைத் தொகுத்த கவிஞர் யேட்ஸ், கூட்டமாகத் திரிபவர்கள் பச்சையும் தனித்துத் திரிபவர்கள் சிவப்பும் உடுப்பதாக எழுதினார். லெப்ரகான் தனியன். குடும்பம் இல்லை, நடனத்தில் சேர்வதில்லை, எப்போதும் ஒற்றைச் செருப்போடுதான் காட்சி தருவான். பச்சை உடை அவனுக்குப் பின்னாளில் மாட்டப்பட்டது.

இரண்டாம் நாள்: மே 12, பாய்ன் பள்ளத்தாக்கு, கார்லிங்ஃபோர்டு

வாடகைக் காரில் வடக்கே புறப்பட்டேன். நம்மைப்போலவே இங்கும் இடப்பக்கம்தான் ஓட்டுகிறார்கள் என்பதால் பயமில்லை. கிராமச் சாலைகளின் ஒடுக்கம்தான் பயமுறுத்துகிறது.

நியூகிரேஞ்சு மேடு சுமார் 5,200 ஆண்டுகள் பழமையானது. எகிப்தின் பெரிய பிரமிடுகளுக்கும் மூத்தது. 85 மீட்டர் அகலமுள்ள அந்தக் கல்மேட்டுக்குள் 19 மீட்டர் நீளத்தில் ஒரு நடைவழி செல்கிறது. டிசம்பர் மாத இறுதியில் ஆண்டின் மிகக் குறுகிய பகல் வரும் நாள்களில், வாசலுக்கு மேலுள்ள சிறு திறப்பின் வழியாக உதயசூரியனின் ஒளி உள்ளறை வரை செல்லும். தொல்லியலாளர் மைக்கேல் ஓகெல்லி 1967ஆம் ஆண்டு உள்ளே காத்திருந்து அதைக் கண்டார். எனக்கு வழிகாட்டி விளக்கை அணைத்து மின்விளக்கால் அதை நடித்துக் காட்டினார். அதுவே போதுமானதாக இருந்தது.

நான் இங்கே வந்த காரணம் ஒளியன்று. இத்தகைய மேடுகளுக்கு ஐரிஷ் மொழியில் ஷீ என்று பெயர். மேட்டுக்குள் வாழ்பவர்களுக்கும் அதே பெயர்தான் நிலைத்தது. சாவை முன்னறிவித்து அழும் பன்ஷீயின் பெயருக்கு, ஷீயைச் சேர்ந்த பெண் என்பதே பொருள். டானுவின் மக்கள் எனப்பட்ட பழைய தெய்வக் குலத்தார், பின்னால் வந்து இறங்கிய மனிதர்களிடம் தோற்றபோது, நாட்டின் மேற்பரப்பு மனிதர்களுக்கும் அடிப்பரப்பு தமக்கும் என்ற பங்கீட்டை ஏற்றுக்கொண்டு மேடுகளுக்குள் இறங்கிவிட்டார்கள் என்பது மரபு. ஆகவே ஐரிஷ் மாயமக்களை இறக்கை முளைத்த சிறுமிகளாக எண்ணுவது பிழை. அவர்கள் இடம்பெயர்ந்த பழைய குடிகள். நிலத்தின் மீது உரிமை கோருகிறவர்கள்.

நியூகிரேஞ்சும் அப்படிக் கைமாறிய வீடுதான். தாக்தா என்னும் பெருந்தெய்வத்தின் மகன் ஏங்கஸ், இந்த வீட்டைப் பகலும் இரவும் இரவல் கேட்கிறான். ஒரு பகல், ஓர் இரவு என்று எண்ணிக் கொடுத்துவிடுகிறார்கள். திருப்பிக் கேட்டபோது, காலம் முழுவதுமே பகலும் இரவும்தானே என்கிறான் அவன். பழைய ஐரிஷில் 'ஒரு' என்று சொல்லும் சுட்டுச்சொல் இல்லாததால் விளைந்த வம்பு அது. ஆங்கிலத்தில் இதை விளக்க வழிகாட்டிக்கு ஐந்து நிமிடம் ஆயிற்று. 'பகலும் இரவும்' என்று தமிழில் சொல்லிப் பார்த்தபோது எனக்கு விளக்கமே தேவைப்படவில்லை.

மாலையில் கார்லிங்ஃபோர்டு. கடற்கழியும் அதன் பின்னே ஸ்லீவ் ஃபாய் மலையும் இருக்க, நடுவே இடைக்காலத் தெருக்களோடு ஒடுங்கிக் கிடக்கும் சிற்றூர். 1989இல் இங்கே மதுக்கடை நடத்திய ஒருவர், மலைமேல் ஓர் அலறல் கேட்டுப் போனதாகவும், அங்கே சிறிய உடையும் எலும்புகளும் பொற்காசுகளும் கிடந்ததாகவும் சொன்னார். அந்த உடை கண்ணாடிப் பெட்டிக்குள் காட்சிக்கு வந்தது. ஊரில் லெப்ரகான் வேட்டை என்ற விழா பிறந்தது. மலையில் எஞ்சியுள்ள 236 லெப்ரகான்கள் ஐரோப்பிய ஒன்றியத்தின் வாழிடப் பாதுகாப்பு விதிக்குள் வந்துவிட்டதாக 2009 முதல் ஊரார் முகத்தை மாற்றாமல் சொல்கிறார்கள். நல்ல வேடிக்கை, வியாபாரமும்தான். அதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை.

வருத்தம் வேறு. கார்லிங்ஃபோர்டுத் துறையில் நின்று எதிரே பார்த்தால் மோர்ன் மலைகள் தெரிகின்றன. அவற்றுக்கு அப்பால் இருப்பது டண்ட்ரம் விரிகுடா. பழைய பெயர் ருத்ரையே ஏரி. லெப்ரகானைப் பற்றிய மிகப் பழைய கதை அந்த நீரில்தான் முடிகிறது. 8ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கருதப்படும் அந்தக் கதையைக் கண்ணாடிப் பெட்டிக்கு அருகே யாருமே சொல்லவில்லை.

அல்ஸ்டர் நாட்டு மன்னன் ஃபெர்கஸ் மக் லேட்டி கடற்கரையில் உறங்கும்போது, லுகோர்பான்கள் என்னும் சிற்றுருவங்கள் வந்து அவனுடைய வாளை அகற்றிவிட்டு அவனைக் கடலுக்குள் இழுத்துச் செல்கின்றன. கால் குளிர்ந்த நீரில் பட்டதும் மன்னன் விழித்துக்கொண்டு மூன்று பேரைப் பிடித்துவிடுகிறான். உயிருக்கு ஈடாக அவன் கேட்பது பொன் அன்று. கடலிலும் ஏரியிலும் மூச்சடைக்காமல் மூழ்கித் திரியும் வல்லமை. கொடுத்துவிடுகிறார்கள், ஒரே விலக்கோடு: ருத்ரையே ஏரியில் மட்டும் இறங்கக் கூடாது. அவன் இறங்குகிறான். அடியில், கொல்லன் துருத்திபோல் உப்பியும் ஒடுங்கியும் கிடந்த ஒரு கடல்விலங்கைக் கண்ட அதிர்ச்சியில் அவன் முகம் கோணிக்கொள்கிறது. உடலில் ஊனமுள்ளவன் ஆளக் கூடாது என்பது அந்நாட்டு முறை. அவனை இழக்க மனமில்லாத அவையினர், முகம் கோணிய செய்தியை அவனுக்கே தெரியாமல் ஏழாண்டுகள் மறைக்கிறார்கள்; நீரில் தன் நிழலைப் பார்த்துவிடாதபடி மல்லாக்கப் படுக்கவைத்துத் தலையைக் கழுவுகிறார்கள். ஒருநாள், தலை கழுவத் தாமதித்த பணிப்பெண்ணை அவன் சாட்டையால் அடிக்க, அவள் ஆத்திரத்தில் உண்மையைச் சொல்லிவிடுகிறாள். அவளை வெட்டிவிட்டு நேரே அந்த நீருக்குப் போகிறான். ஒரு பகலும் ஓர் இரவும் போரிட்டு, விலங்கின் தலையோடு மேலே வந்து, பிழைத்தவன் நானே என்று சொல்லிவிட்டு விழுந்து சாகிறான்.

லுகோர்பான் என்பதைச் 'சிற்றுடல்' என்று பிரித்துப் பொருள் சொல்வதே நெடுங்கால வழக்கம். கேம்பிரிட்ஜ், பெல்ஃபாஸ்ட் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2019இல், அது பண்டைய ரோமில் ஆடையின்றி ஓடித் திருவிழா நடத்திய லுப்பெர்கி என்னும் குழுவினரின் பெயரிலிருந்து வந்திருக்கலாம் என்றார்கள். எப்படியாயினும் முதல் லெப்ரகான் செருப்புத் தைக்கவில்லை. உறங்குகிறவனை நீருக்குள் இழுத்தான்.

மூன்றாம் நாள்: மே 13, ராத்க்ரோகன்

நாள் முழுவதும் தூறல். ரோஸ்காமன் மாவட்டத்தில் டல்ஸ்க் என்னும் சிற்றூரைச் சுற்றி ஏறத்தாழ 240 தொல்லிடங்கள் புல்லுக்கடியில் கிடக்கின்றன. கானாக்ட் நாட்டு அரசி மேவ் இருந்து ஆண்ட க்ரூவாகன் இதுதான். மேலிருந்து பார்த்தால் மாடு மேயும் மேடு பள்ளங்கள், அவ்வளவே.

பூனைகளின் குகை எனப்படும் ஊனகட்டுக்கு டல்ஸ்கில் உள்ள பார்வையாளர் மையத்தின் வழிகாட்டி ஒருவர் எங்களை அழைத்துப் போனார். ஒரு பண்ணைச் சந்தின் ஓரம், வேலிக்கு அடியில், நாய் நுழையும் அளவுக்கு ஒரு துளை. நான் அதைக் கடந்து போயே விட்டேன்; அவர் கூப்பிட்டுக் காட்டினார். குந்தி, பிறகு தவழ்ந்து, மனிதர் கட்டிய சிறு நிலவறைக்குள் இறங்கினால், வாசலின் உத்தரக்கல்லில் ஓகம் என்னும் பழைய ஐரிஷ் கோட்டெழுத்துகள் வெட்டப்பட்டிருக்கின்றன: மேவின் மகன் ஃப்ரீக்கினுடையது என்று வாசிக்கிறார்கள். கதையில் வரும் பெயர் கல்லிலும் இருப்பதைக் கைவிளக்கின் ஒளியில் பார்த்தபோது சற்றுநேரம் பேச்சு வரவில்லை. அதற்கப்பால் இயற்கையான சுண்ணாம்புப் பாறைப் பிளவு, சுமார் 37 மீட்டர். சேறு கணுக்காலுக்கு மேல். அடியில் போய் நின்றதும் எல்லோரும் விளக்கை அணைத்தோம்.

இருட்டில்தான் வழிகாட்டி நேராவின் கதையைத் தொடங்கினார். சவின் என்பது அக்டோபர் 31 இரவு. பழைய ஐரிஷ் ஆண்டின் கோடைப்பாதி முடிந்து குளிர்ப்பாதி தொடங்கும் எல்லை. அன்று ஷீ மேடுகள் எல்லாம் திறந்துகிடக்கும். க்ரூவாகன் அரண்மனையில் கொப்பரையில் இறைச்சி வேகிறது. முந்தின நாள் தூக்கிலிடப்பட்ட இரு கைதிகள் வெளியே தொங்குகிறார்கள். அவர்களில் ஒருவன் காலில் வளாரைச் சுற்றிக் கட்டிவிட்டு வருகிறவனுக்குப் பரிசு தருவதாக மேவின் கணவன் அயில்லில் அறிவிக்கிறான். போனவர்கள் எல்லாம் இருட்டுக்கு அஞ்சித் திரும்ப, நேரா மட்டும் போய்க் கட்டுகிறான். கட்டு நிற்கவில்லை. சரியான முளையை வைத்துக் கட்டு என்று பிணம் சொல்லிக்கொடுக்கிறது. பிறகு, தூக்கில் ஏறும்போதே தாகமாக இருந்தது, தண்ணீர் வேண்டும் என்கிறது. நேரா அதை முதுகில் சுமந்து வீடு வீடாகப் போகிறான். முதல் வீட்டைச் சுற்றி நெருப்பு, இரண்டாம் வீட்டைச் சுற்றி நீர். உள்ளே நுழைய முடியவில்லை. மூன்றாம் வீட்டில் அழுக்குநீர் கொட்டாமல் கிடந்தது. பிணம் குடித்து, கடைசி வாயை வீட்டார்மேல் உமிழ, அவர்கள் இறந்துபோகிறார்கள்.

பிணத்தைத் தூக்குமரத்தில் திரும்ப வைத்துவிட்டு வந்தால், அரண்மனை எரிந்து சாம்பலாகிக் கிடக்கிறது. தன் மக்களின் தலைகள் குவிந்திருக்கின்றன. கொன்ற படையின் பின்னாலேயே இந்தக் குகைக்குள் அவனும் இறங்கிவிடுகிறான். உள்ளே ஒரு நாடு. அதன் அரசன் அவனை ஒரு பெண்ணின் வீட்டில் தங்கவைத்து, நாள்தோறும் விறகு கொண்டுவரப் பணிக்கிறான். அந்தப் பெண் அவனுக்கு மனைவியாகிறாள். நீ கண்டது நடந்தது அன்று, நடக்கப்போவது என்று அவள்தான் சொல்கிறாள். போய் எச்சரித்தால் தப்பிப்பார்கள், உன் ஆட்கள் இன்னமும் அதே கொப்பரையைச் சுற்றித்தான் உட்கார்ந்திருக்கிறார்கள் என்கிறாள். எப்படி நம்புவார்கள் என்று கேட்கிறான் நேரா. கோடையின் செடிகளைக் கொண்டுபோ என்கிறாள். காட்டுப்பூண்டும் பிரிம்ரோஸும் பொன்னிறப் பெரணியுமாகக் கை நிறைய ஏந்திக்கொண்டு, குளிர்காலத்தின் முதல் இரவுக்குள் அவன் ஏறி வருகிறான்.

கதையில் வேறு சண்டைகளும் மாடுகளும் உண்டு. வழிகாட்டி அவற்றை வெளியே வந்த பிறகு சொன்னார். எனக்கு அந்தப் பூண்டு இலை போதும். ஷீ நாட்டில் காலம் வேறு என்பதை ஒரு கைப்பிடிக் கீரையால் மெய்ப்பிக்க நினைத்தவன் பெரிய கதைக்காரன். இரவு விடுதியில் காலணியைக் கழுவ அரை மணி நேரம் ஆயிற்று.

நான்காம் நாள்: மே 14, கிளேர்

மே மாதத்தில் அயர்லாந்தின் வேலிகள் எல்லாம் வெள்ளை. ஹாதார்ன் பூத்திருக்கிறது, ஐரிஷில் அதன் பெயருக்கு வெண்முள் என்று பொருள். வேலியில் வரிசையாக நிற்பதை வெட்டலாம், கழிக்கலாம். வயல் நடுவே தனியாக முளைத்து நிற்பதைத்தான் யாரும் தொடுவதில்லை. அது அவர்களுடையது.

அப்படி ஒரு மரத்துக்காக ஒரு நெடுஞ்சாலை வளைந்துகொடுத்த இடம் கிளேர் மாவட்டத்தில் லட்டூன். 1999இல் புதிய சாலையின் தடத்தில் அந்த மரம் வெட்டப்பட இருந்தது. கிளேர் பகுதியில் வாழும் கதைசொல்லி எடி லெனிஹன் செய்தித்தாளுக்குக் கடிதம் எழுதினார்: கெரி நாட்டு ஷீ கூட்டத்தார் கானாக்ட் கூட்டத்தாரோடு போருக்குப் போகும்போதும் திரும்பும்போதும் கூடும் இடம் அது, வெட்டினால் அச்சாலையில் விபத்துகள் நேரும் என்று. செய்தி அமெரிக்கப் பத்திரிகைகள் வரை போயிற்று. பொறியாளர்கள் திட்டத்தைச் சற்று மாற்றி, மரத்தைச் சுற்றி வேலி போட்டுவிட்டார்கள். 2002இல் யாரோ இரவில் வந்து சங்கிலி ரம்பத்தால் கிளைகளை எல்லாம் அறுத்துப் போட்டதும் நடந்தது. மரம் மறுபடி துளிர்த்தது.

இப்போது அது மோட்டார் சாலை என்பதால் நிறுத்திப் பார்க்க அனுமதியில்லை. மணிக்கு 100 கிலோமீட்டர் வேகத்தில் இரண்டு நொடி கண்டேன். அடுத்த வெளிவழியில் இறங்கித் திரும்பி வந்து இன்னொரு இரண்டு நொடி. குள்ளமான, கோணலான, சாதாரண மரம்.

தங்கிய வீட்டின் அம்மாவுக்கு எழுபது வயதுக்கு மேலிருக்கும். வழியில் ஒடித்த ஒரு வெண்முள் கொத்தை நான் கையில் வைத்திருந்ததைப் பார்த்ததும், "அது உள்ளே வேண்டாம், வாசல் கம்பத்தின்மேல் வைத்துவிடுங்கள்" என்றார். காரணம் கேட்டபோது, "வைக்க மாட்டோம்" என்பதே பதில். சமையலறை ஜன்னல் வழியே தெரிந்த வயலில், புல் வெட்டிய பரப்பின் நடுவே புதர் மண்டிய ஒரு வட்டம் தனியாக நின்றது. அவருடைய கணவர் நாற்பது ஆண்டு அந்த வட்டத்தைச் சுற்றியே டிராக்டர் ஓட்டினாராம். நம்பினாரா என்று கேட்டேன். "நான் அவரைக் கேட்டதே இல்லை."

அந்த வட்டம் ஒரு லிஸ், அல்லது ராத். நாடு முழுவதும் 40,000க்கு மேல் உள்ளன. ஊர்ப்பெயர்களில் வரும் லிஸ், ராத் என்னும் முன்னொட்டுகள் இவற்றையே குறிக்கும். டப்ளின் நகருக்குள்ளேயே ராத்மைன்ஸ் இருக்கிறது. தொல்லியல் கணக்கில் இவை சுமார் கி.பி. 500 முதல் 1000 வரை உழவர் குடும்பங்கள் மண்கரை எழுப்பி, உள்ளே வீடும் மாடுமாக வாழ்ந்த இடங்கள். குடியிருந்தவர்கள் போய், அவர்கள் யார் என்பதும் மறந்துபோன பிறகு, இவை ஷீ கூட்டத்தாரின் கோட்டைகளாயின. உழுதால் கை முடங்கும், மாடு சாகும் என்ற அச்சமே ஆயிரம் ஆண்டு இவற்றைக் கலப்பையிலிருந்து காத்தது. பின்னால் தொல்லிடப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. ஆனால் இயந்திரக் கலப்பையின் காலத்தில் சட்டம் காத்ததைவிட அச்சம் காத்தது அதிகமாக இருக்கும் என்பது என் எண்ணம். கெரியின் நாடாளுமன்ற உறுப்பினர் டேனி ஹீலி-ரே 2017இல், தம் பகுதிச் சாலை ஒன்று செப்பனிடச் செப்பனிட உள்வாங்குவதற்கு அங்குள்ள கோட்டைகளே காரணம் என்று பேசியபோது நாடு சிரித்தது. சிரித்தவர்களில் எத்தனை பேர் தம் வயலில் உள்ளதைத் தரைமட்டமாக்குவார்கள் என்று தெரியவில்லை.

ஒன்றைக் கவனித்தேன். அந்த அம்மா பேச்சு முழுவதிலும் அவர்களின் பெயரைச் சொல்லவில்லை. 'அவர்கள்' என்றார், ஒரே ஒரு முறை 'நல்ல மக்கள்' என்றார். அதுதான் ஐரிஷிலும் பழைய வழக்கு. நல்லவர்கள் என்பதால் வந்த பெயரன்று அது. கேட்டுக்கொண்டிருப்பார்கள் என்பதால் வந்த பெயர். நல்ல பாம்பு என்று சொல்லிப் பழகிய எனக்கு அதன் தொனி உடனே பிடிபட்டது.

மாலையில் ஃபீக்கிள் பக்கம் ஒரு சுற்று. 1798 வாக்கில் பிறந்து 1874இல் இறந்த பிடி எர்லி என்னும் மருத்துவச்சி அங்கே வாழ்ந்தாள். ஷீ கூட்டத்தார் தந்ததாகச் சொல்லப்பட்ட நீலப் புட்டிக்குள் பார்த்து நோய்க்கும் காணாமற்போனதற்கும் வழி சொன்னாள். 1865இல் சூனியச் சட்டத்தின்கீழ் என்னிஸ் நீதிமன்றத்துக்கு இழுத்தார்கள். சாட்சி சொல்ல ஆளில்லாமல் வழக்கு நிற்கவில்லை. புட்டி கில்பாரன் ஏரியில் கிடக்கிறதாம். ஏரியைப் பார்த்தேன். மழை பெய்தது.

ஐந்தாம் நாள்: மே 15, க்ளோனீன்

திப்பரரி மாவட்டத்தில் ஸ்லீவ்நமன் மலையடிவாரம். இந்த நாளைத் தவிர்த்துவிடலாமா என்று நேற்றிரவு யோசித்தேன். வெண்முள் மரமும் பூண்டு இலையும் மட்டும் எழுதிவிட்டுப் போனால் பாதியை மறைத்ததாகும்.

ஷீ கூட்டத்தார் மனிதரைக் கொண்டுபோய், அவர் இடத்தில் அவர் உருவில் வேறொன்றை வைத்துவிடுவார்கள் என்ற நம்பிக்கை இருந்தது. மெலிந்துபோகும் குழந்தை, பிள்ளை பெற்றபின் பேச்சற்றுப்போன தாய், திடீரென்று கைகால் விழுந்தவர் ஆகியோருக்கெல்லாம் அதுவே விளக்கம். வைத்துவிட்டுப் போனதை நெருப்பாலும் கசப்பு மூலிகையாலும் அச்சுறுத்தினால் அது ஓடிவிடும், உரியவர் திரும்புவார். கதையாகச் சொல்லும்போது இது ஒரு சட்டகம். வீட்டுக்குள் நடக்கும்போது வேறு.

பிரிஜிட் க்ளியரி பாலிவாட்லியில் வாழ்ந்தாள். இருபதுகளின் நடுவில் இருந்த அவள் தையற்காரி, தொப்பியும் செய்வாள், சொந்தத் தையல் இயந்திரம் வைத்திருந்தாள், கோழி வளர்த்து முட்டை விற்றுச் சொந்தப் பணம் கையில் வைத்திருந்தாள். கணவன் மைக்கேல் மரப்பீப்பாய் செய்பவன். பிள்ளைகள் இல்லை. 1895 மார்ச் தொடக்கத்தில், உறவுக்கார முதியவர் ஜாக் டன்னின் வீட்டுக்கு முட்டை கொண்டுபோய்த் திரும்பியவள் குளிர் கண்டு படுத்தாள். பழங்கதை அறிந்த அந்த முதியவர் வந்து பார்த்து, இவள் பிரிஜிட் அல்லள் என்றார். ஒரு கால் மற்றதைவிட நீளம் என்றார். மருத்துவர் வந்து மார்ச்சளிக்கு மருந்து கொடுத்தார், பாதிரியாரும் வந்துபோனார். மார்ச் 14 இரவு, தந்தையும் அத்தை பிள்ளைகளும் அண்டைவீட்டாரும் சூழ்ந்து நிற்க, அவளைப் பிடித்துக்கொண்டு பாலில் காய்ச்சிய மூலிகையை வாயில் திணித்து, கடவுளின் பெயரால் நீ பிரிஜிட்தானா என்று திரும்பத் திரும்பக் கேட்டார்கள். அவள் ஆம் என்றாள். அடுத்த இரவு கணவன் அதே கேள்வியை மீண்டும் கேட்டான். கேள்விக்கும் பதிலுக்கும் இடையில் அவளைக் கீழே தள்ளி, விளக்கிலிருந்த மண்ணெண்ணெயை ஊற்றிக் கொளுத்தினான்.

பிறகு மூன்று இரவுகள் அருகிலுள்ள கைல்நகிரானா கோட்டையில் கத்தியோடு காத்திருந்தான், உண்மையான மனைவி வெள்ளைக் குதிரையில் வருவாள், கட்டை அறுத்து அவளை மீட்கலாம் என்று. மார்ச் 22 அன்று காவலர்கள் ஆழமில்லாத குழியிலிருந்து உடலை எடுத்தார்கள். க்ளொன்மெல் நீதிமன்றம் அவனுக்குக் கொலைக்குற்றமாகாத மரணம் விளைவித்ததாக 20 ஆண்டு விதித்தது. 15 ஆண்டு கழித்து 1910இல் வெளிவந்து கனடாவுக்குக் கப்பலேறினான். அயர்லாந்துக்குத் தன்னாட்சி தரலாமா என்று பிரிட்டனில் வாதம் நடந்துகொண்டிருந்த காலம் அது. இந்த மக்கள் தம்மை ஆளத் தக்கவரா என்று கேட்கச் செய்தித்தாள்களுக்கு அவள் சாவு உதவியது. அவளுக்காக எழுதியவர் குறைவு. ஊரார் யாரும் வராத நிலையில் காவலர்களே அவளை இரவில் க்ளோனீன் மயானத்தில் புதைத்தார்கள், பெயர்க்கல் இல்லாமல். பின்னாளில் சிறுவர்கள் கயிறாட்டத்தில் பாடினார்கள்: நீ சூனியக்காரியா, ஷீயா, மைக்கேல் க்ளியரியின் மனைவியா?

அவன் உண்மையிலேயே நம்பினானா, பணம் சம்பாதித்த மனைவிமேல் இருந்த எரிச்சலுக்கு நம்பிக்கை வசதியாக அமைந்ததா என்று இன்றுவரை விவாதிக்கிறார்கள். நேற்று அந்த அம்மாவின் மௌனத்தை நான் மெச்சினேன். இங்கே, ஒரு வீடு நிறைய மனிதர்கள் நின்றும் ஒருவரும் தடுக்காமல் போன மௌனமும் அதே மரபின் உள்ளே இருக்கிறது. வீட்டைத் தேடிப் போகவில்லை. மயானத்தில் சற்று நின்றுவிட்டு டப்ளினுக்கு வண்டியைத் திருப்பினேன்.

ஆறாம் நாள்: மே 16, டப்ளின், பெல்ஃபீல்டு

டப்ளின் பல்கலைக்கழகக் கல்லூரியின் பெல்ஃபீல்டு வளாகத்தில் தேசிய நாட்டார் வழக்காற்றுத் தொகுப்பு இருக்கிறது. ஷேமஸ் டெலார்கி தலைமையில் 1935இல் அமைந்த ஐரிஷ் நாட்டார் வழக்காற்று ஆணையம் திரட்டியவை இங்கே உள்ளன; 2017இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் சேர்ந்தது. 1946இல் வால்ட் டிஸ்னி லெப்ரகான் படம் எடுக்கும் எண்ணத்தோடு டப்ளினுக்கு வந்து ஆணையத்தை நாடியபோது, டெலார்கி அவரைப் பழைய வீரகாவியங்களின் பக்கம் திருப்ப முயன்றாராம். டிஸ்னி திரும்பவில்லை. படம் 1959இல் வந்தது. முதல் நாள் பார்த்த சாவிக்கொத்துகளுக்கு அதுவும் ஒரு மூதாதை.

நான் பார்க்க வந்தது பள்ளித் தொகுப்பை. 1937 முதல் 1939 வரை, சுமார் 5,000 தொடக்கப் பள்ளிகளைச் சேர்ந்த 50,000 பிள்ளைகள், வீட்டிலும் பக்கத்திலும் உள்ள முதியவர்களைக் கேட்டு எழுதிவந்த கட்டுரைகள். என்ன கேட்க வேண்டும் என்று ஆசிரியர்களுக்கு ஒரு கையேடு கொடுத்திருந்தார்கள். வெண்ணெய் கடைதல், உருளைக்கிழங்கு விளைச்சல், பஞ்ச காலம், ஷீ கோட்டைகள் எனத் தலைப்புகள் போகின்றன. அவற்றில் ஒன்று: லெப்ரகானோ கடற்கன்னியோ.

இரண்டையும் ஏன் ஒரே தலைப்பில் போட்டார்கள்? பிடிபட்டால் நழுவுகிறவர்கள் என்பதாலா, இடச் சிக்கனமா? ஃபெர்கஸின் காலில் பட்ட குளிர்ந்த நீர் எனக்கு நினைவு வந்தது. ஆனால் பிள்ளைகள் எழுதியிருப்பது கடலைப் பற்றி அன்று. மின்படியாக்கம் செய்த பக்கங்களைத் திரையில் ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்த்தால், தேர்ந்த கையெழுத்திலும் கோணல் கையெழுத்திலும் பெரும்பாலும் ஒரே கதைதான் வருகிறது. தாத்தா வீட்டுக்குத் திரும்பும் வழி, கோட்டைப் பக்கம் சுத்தியல் ஓசை, செருப்புத் தைக்கும் சிறு உருவம், பிடி, பின்னால் பார் என்ற ஏய்ப்பு, வெறுங்கை. மாவட்டம் மாறுகிறது, தாத்தா மாறுகிறார். எல்லாத் தாத்தாக்களும் ஏமாந்திருக்கிறார்கள்.

ஒரு பக்கத்தில் மட்டும் கதை வேறு திசையில் போவதுபோல் இருந்தது. சொற்களை எழுத்துக்கூட்டிப் படித்துக்கொண்டிருந்தபோது, மூடும் நேரம் நெருங்கிவிட்டதாகச் சொன்னார்கள். கடிகாரத்தைப் பார்க்கத் தலையைத் திருப்பினேன். மறுபடி திரைக்கு வந்தபோது எந்த வரியில் இருந்தேன் என்று தெரியவில்லை.